வழக்குக் கட்டைக் கொடுத்துவிட்டுக் காதலிக்கட்டும்

கேள்வி: தங்களிடம் வழக்கை ஒப்படைத்த கட்சிக்காரப் பெண்ணோடு உறவு வைத்திருந்ததற்காக அமெரிக்காவில் வக்கீல்களைத் தொழில் செய்யவிடாமல் நிறுத்திவைக்கிறார்களாமே? இருவரும் வயது வந்தவர்கள், விருப்பப்பட்டுப் பழகியவர்கள். அந்தரங்க உரிமை பற்றிப் பக்கம் பக்கமாக எழுதும் நீங்கள் இதற்கு என்ன சொல்கிறீர்கள்?
– வாசகர், திருச்சி

பதில்: அந்தரங்கம்தான், சரி. அதற்கு பில் போட்டால்?

மினசோட்டா மாநிலத்தில் விவாகரத்து வழக்குக்காக வந்த பெண்ணோடு அவருடைய வக்கீலுக்கு உறவு ஏற்பட்டது. அவர்கள் சேர்ந்திருந்த நேரத்தையும் வழக்கு தொடர்பான சந்திப்பு என்று கணக்கெழுதி ஃபீஸ் கேட்டிருக்கிறார் அந்த மனிதர். உறவை முறித்துக்கொண்ட கையோடு வழக்கிலிருந்தும் விலகிக்கொண்டார். 2013-ல் அந்த மாநில உச்ச நீதிமன்றம் குறைந்தது 15 மாதங்களுக்கு அவரை நிறுத்திவைத்தது. என்னைக் கேட்டால், அது குறைவு.

பில் போடாத நல்லவரும் இருப்பாரே என்பீர்கள். அவரையும் பார்ப்போம். வழக்கு நடக்கும்போது கணவர் இறங்கி வருகிறார். “சமாதானமாகப் போய்விடலாமா?” என்று அந்தப் பெண் வக்கீலிடம் கேட்கிறார். அவர் கணவரோடு திரும்பிப் போய்விட்டால் இந்த வக்கீலுக்குக் காதலியும் இல்லை, வழக்கும் இல்லை. இவர் சொல்லும் யோசனையை நீங்கள் நம்புவீர்களா? பிள்ளைகள் யாரிடம் இருப்பது என்ற கட்டம் வரும்போது எதிர்த்தரப்பு இந்த உறவையே ஆயுதமாக எடுக்கும். வக்கீலிடம் சொன்ன ரகசியத்துக்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு. காதலனிடம் சொன்னதற்குக் கிடையாது. இரவு பதினோரு மணிக்கு அவர் சொன்னது யாரிடம் சொன்னது?

அப்புறம் அந்த ‘விருப்பம்’. வீட்டு விஷயம் முழுவதும் அந்த ஆளுக்குத் தெரியும், முன்பணம் கட்டியாகிவிட்டது, விசாரணை நெருங்குகிறது. இந்த நிலையில் ‘முடியாது’ என்று சொல்ல எத்தனை பேரால் முடியும்? இல்லினாய்ஸில் விவாகரத்து வக்கீல் ஒருவர் மூன்று கட்சிக்காரப் பெண்களோடு உறவு வைத்திருந்த வழக்கில் இதுதான் வெளியே வந்தது. மறுத்தால் வழக்கு கெட்டுவிடுமோ என்று பயந்ததாக ஒருவர் சாட்சி சொன்னார். ‘இப்படிச் செய்யக் கூடாதென்று எந்த விதியிலும் இல்லையே’ என்பது வக்கீலின் வாதம். 1997-ல் மாநில உச்ச நீதிமன்றம் அதைத் தள்ளி, மூன்று ஆண்டு நிறுத்திவைத்தது.

அந்த ஓட்டையைத்தான் 2002-ல் அமெரிக்க வழக்கறிஞர் சங்கம், மாநிலங்கள் பார்த்து எழுதிக்கொள்வதற்காகத் தரும் மாதிரி விதி அடைத்தது: கட்சிக்காரரோடு வக்கீல் உறவு வைக்கக் கூடாது. கட்சிக்காரர் சம்மதித்தார் என்பதோ, வழக்குக்குப் பாதகம் இல்லை என்பதோ அங்கே பதிலாகாது. வழக்கை எடுக்கும் முன்பே இருந்த உறவுக்கு மட்டும் விலக்கு. மனைவிக்காகக் கணவன் வாதாடலாம். கலிஃபோர்னியா 1992-லேயே விதி கொண்டுவந்தது, ஆனால் கட்டாயப்படுத்துவது போன்றவற்றை மட்டும் தடுத்தது. கட்டாயம் நடந்ததென்று காட்டுவது யார் தலையில் விழும் என்று யோசித்துப் பாருங்கள். 2018-ல் அங்கும் அநேகமாக முழுத் தடையே வந்தது.

இதில் காதலுக்கு எங்கே தடை? மனம் போய்விட்டதா, வழக்குக் கட்டை இன்னொரு வக்கீலிடம் கொடுத்துவிட்டுப் பழகட்டும். மாதிரி விதிப்படி, அதே அலுவலகத்தில் பக்கத்து மேசைக்காரரே அந்த வழக்கை நடத்தலாம். அதைக்கூடச் செய்ய மனமில்லாதவருக்காக நீங்கள் ஏன் வக்காலத்து வாங்குகிறீர்கள்?

நம் நாட்டில் இப்படி நேரடி விதி கிடையாது. வழக்கு நடத்தக் கட்சிக்காரருக்குக் கடன் கொடுக்காதே என்று இந்திய பார் கவுன்சில் எழுதிவைத்திருக்கிறது. இதைப் பற்றி ஒரு வரி இல்லை. பாதிக்கப்பட்டவர் 1961 வழக்கறிஞர் சட்டத்தின் 35-வது பிரிவில் ‘தொழில் சார்ந்த அல்லது பிற ஒழுங்கீனம்’ என்ற பொதுவான சொல்லைப் பிடித்துக்கொண்டு மாநில பார் கவுன்சிலுக்குப் போக வேண்டும். எச்சரிக்கை முதல் பெயரை நீக்குவது வரை தண்டனை உண்டு. அங்கே புகாரை விசாரிக்கும் குழுவின் மூவரும் வக்கீல்கள்தான்.