ஷிராகாவாவின் தொழில் – கடிதம்

அன்புள்ள ஐயா,

ஜப்பானின் நிக்கட்சு திரைப்பட நிறுவனம் எடுத்த ‘ரோமன் போர்னோ’ என்ற பாலுணர்வுப் பட வரிசையின் முதல் படத்தை (1971) அண்மையில் பார்த்தேன். அடுக்குமாடிக் குடியிருப்பில் சலித்துப்போன மனைவியாக வரும் கசுகோ ஷிராகாவாவின் முகம் மனத்தை விட்டு அகலவில்லை. இப்படிப்பட்ட நடிகை இத்தகைய படங்களுக்குள் தள்ளப்பட்டாரே என்று வருந்தினேன். இவற்றைக் கலை என்று கொள்ளலாமா? நம் ஊர்க் கவர்ச்சி நடிகைகளின் கதையும் இதுதானே?

– ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

உடலைக் காட்டுவதற்கென்றே எடுக்கப்பட்ட ஒரு படத்தில் நீங்கள் முகத்தைப் பார்த்திருக்கிறீர்கள். அதற்காகவே இந்தப் பதில். நம் ஊர் ஒப்பீட்டை விட்டுவிடுகிறேன். அது இரு தரப்பையும் அறியவிடாது. கலையா என்ற கேள்விக்கும் இப்போது அவசரமில்லை.

‘தள்ளப்பட்டார்’ என்ற சொல்லை எங்கிருந்து எடுத்தீர்கள்? அத்துறையில் சுரண்டல் இல்லை என்று நான் சொல்லவில்லை. ஆனால் ஷிராகாவா நாடகக் குழுவிலிருந்து வந்தவர். 1967 முதல் சிறு நிறுவனங்கள் குறைந்த செலவில் எடுத்த, ‘பிங்க்’ எனப்படும் பாலுணர்வுப் படங்களில் நடித்துத் தேர்ந்தவர். தள்ளப்பட்டது நிக்கட்சுதான். 1912இல் தொடங்கிய அந்த நிறுவனம் கடனில் மூழ்கி, தன் நட்சத்திரங்கள் பலர் வெளியேறிய பிறகு, 1971 நவம்பரில் அவரை முன்னிறுத்தியே மீண்டும் எழுந்து, 1988 வரை அவ்வகைப் படங்களை எடுத்தது. காப்பாற்றியவரை இரங்கத்தக்கவர் என்கிறீர்கள்; யோசித்துப் பாருங்கள்.

அவர் செய்த வேலையையும் யோசியுங்கள். எழுபது நிமிடப் படம், சொற்ப நாள் படப்பிடிப்பு, சிறிது இடைவெளிக்கு ஒரு படுக்கையறைக் காட்சி. பெரும்பாலும் ஒலி பின்னர்தான் சேர்க்கப்பட்டது என்பதால், நடிகை அந்த மூச்சையும் விம்மலையும் இருட்டறையில் ஒலிவாங்கிக்கு முன் நின்று, திரையில் தெரியும் தன் உதட்டசைவுக்கு ஏற்ப மறுபடியும் உண்டாக்க வேண்டும். இது தொழில்திறன். விமர்சகர்களும் அதைக் கண்டுகொண்டார்கள்: 1972க்கான சிறந்த நடிகை விருதை ரோமன் போர்னோவில் நடித்த ஹிரோகோ இசயாமாவுக்கு ‘கினேமா ஜுன்போ’ என்ற ஜப்பானியத் திரைப்பட இதழ் வழங்கியது.

எனக்குத் தீராத கோபம் ஒன்று உண்டு. இயக்குநர் யோஜிரோ தகிதா பிங்க் படங்களில் தொடங்கியவர். 2009இல் அவருடைய படம் சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கர் பெற்றது. அவருடைய தொடக்க காலத்தை எல்லோரும் ‘பயிற்சிக் காலம்’ என்கிறோம். அதே படங்களில் நடித்த பெண்ணின் வாழ்க்கையில் அந்தக் காலம் ‘கறை’ ஆகிவிடுகிறது. இத்தகைய படங்களில் இயக்குநருக்குச் சுதந்திரம் கிடைத்தது என்று பாராட்டுகிறோமே, அந்தச் சுதந்திரத்தின் விலையைத் தன் உடலால் கொடுத்தவர் யார்? அவருக்குப் பயிற்சி என்றால் இவருக்கும் பயிற்சி. இவருக்குக் கறை என்றால் அவருக்கும் கறை. இதில் நடுவழி கிடையாது.

உங்களை மட்டும் கடிந்து பயனில்லை. இளம் வயதில் ஒரு சிற்றிதழுக்கு இதே நிறுவனத்தைப் பற்றி நீண்ட கட்டுரை எழுதினேன். இயக்குநர்களை வரிசையாகப் புகழ்ந்தேன். ஒரு நடிகையின் பெயர்கூட அதில் இல்லை. பிழை திருத்திய நண்பரின் மனைவி, “இதில் நடித்தவர்கள் எல்லாம் ஆண்கள்தானா?” என்று கேட்டார். பதில் சொல்ல முடியாமல் எழுந்து வந்த அந்த மாலை இன்றும் நினைவிருக்கிறது.

ஷிராகாவா 1973இல் திருமணம் செய்துகொண்டு விலகியபோது, அவர் வாழ்க்கையையே, அவர் பெயரையே தலைப்பில் வைத்து, நிக்கட்சு படமாக்கியது. அதில் தன் பாத்திரத்தில் தானே நடித்து விடைபெற்றார். சில ஆண்டுகளில் திரும்பி வந்தார். தாயாகவும் மூதாட்டியாகவும் நடித்தார். இயக்குநர் கசுயா ஷிராய்ஷியின் 2013ஆம் ஆண்டுப் படமொன்றில் வயதான மனைவியாக வருகிறார். அதையும் பாருங்கள், அந்த முகத்தை அடையாளம் கண்டுகொள்வீர்கள்.