சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுக் கடிதம்) வந்திருக்கிறது, நிர்வாகம் நடத்தும் உள்விசாரணைக்குப் போகாமல் இருந்துவிடலாமா?

போங்கள், கட்டாயம் போங்கள். "மேற்பார்வையாளரைத் திட்டியதாகச் சஸ்பெண்ட் செய்துவிட்டார்கள், எப்படியும் வேலையை விட்டு எடுக்கத்தான் போகிறார்கள், அங்கே போய் உட்கார்ந்து என்ன பயன்?" என்று கேட்டிருக்கிறீர்கள். நான் ஒரு பஞ்சாலையில் சங்கப் பொறுப்பில் இருந்தவன். உள்விசாரணைகளில் சக தொழிலாளிக்கு உதவியாளராக உட்கார்ந்திருக்கிறேன். இதே கேள்வியை கேட் வாசலில் பலர் என்னிடம் கேட்டிருக்கிறார்கள். நீங்கள் போகாவிட்டால் எக்ஸ்பார்ட்டி, அதாவது ஆள் வராமலே நடந்த விசாரணை, என்று எழுதி ஒரே நாளில் முடித்துவிடுவார்கள். "வாய்ப்புக் கொடுத்தோம், அவர்தான் வரவில்லை" என்பதுதான் பிறகு நிர்வாகத்தின் வாதமாக இருக்கும்.

தொழிலாளர் நீதிமன்றம் முதலில் பார்ப்பது விசாரணை அறையில் எழுதிய தாளைத்தான். அந்தத் தாளில் உங்கள் பக்கம் இருக்க வேண்டும், அதற்காகத்தான் போகச் சொல்கிறேன்.

ஒரு சம்பவம் சொல்கிறேன். இரவு ஷிஃப்டில் தூங்கினார் என்று எங்கள் ஆள் ஒருவர் மேல் குற்றச்சாட்டு. விசாரணை அதிகாரி, வெளியிலிருந்து வந்த ஒரு வக்கீல். குறுக்கு விசாரணையில் எங்கள் ஆள் மேற்பார்வையாளரிடம், "நான் தூங்கினதை நீங்க நேரில பாத்தீங்களா?" என்று கேட்டார். "இல்லை, சொன்னாங்க" என்றார் அவர். மாலையில் டைப் அடித்து வந்த தாளில் அந்தக் கேள்வியும் இல்லை, பதிலும் இல்லை. கீழே "படித்துப் பார்த்தேன், சரி" என்று ஒரு வரி, கையெழுத்துக்கு இடம். கேட்டதற்கு, "அது முக்கியமில்லை, கையெழுத்துப் போடுங்கள்" என்றார்கள். அவருக்குக் கை நடுங்கியது. ஆனாலும் அந்த வரியை அடித்துவிட்டு, "நான் கேட்ட கேள்வியும் சாட்சி சொன்ன பதிலும் பதிவாகவில்லை" என்று நீல மையில் எழுதி, அதன் கீழே கையெழுத்துப் போட்டார். பின்னால் தொழிலாளர் நீதிமன்றம் அந்த விசாரணை முறையாக நடக்கவில்லை என்று சொல்ல அந்த ஒரு வரி பெரிதும் உதவியது.

அதோடு வழக்கு முடிந்துவிடாது என்பதையும் சொல்லிவிடுகிறேன். விசாரணை செல்லாது என்றாலும், குற்றத்தை நீதிமன்றத்திலேயே புதிதாக நிரூபிக்க நிர்வாகம் வாய்ப்புக் கேட்கலாம். எங்கள் வழக்கில் நேரில் பார்த்ததாகச் சொல்ல ஒருவரும் வரவில்லை.

சரி, இப்போது உங்கள் விஷயம். நீங்கள் திட்டியதாகச் சொல்லும் அதே மேற்பார்வையாளரோ அவருக்குக் கீழே இருப்பவரோ விசாரணை அதிகாரியாக வந்தால், முதல் நாளே எழுத்தில் ஆட்சேபம் கொடுங்கள். என்ன வார்த்தை, எந்தத் தேதி, எந்த இடம் என்று மெமோவில் இல்லையென்றால் அதையும் எழுதிக் கேளுங்கள். அவர்கள் நம்பியிருக்கும் புகார்க் கடிதத்தின் நகலைக் கேளுங்கள். உதவிக்குச் சக தொழிலாளி ஒருவரை அழைத்துவர அனுமதி கேளுங்கள்.

விசாரணை முடிந்ததும் அறிக்கையின் நகல் உங்கள் கைக்கு வர வேண்டும். தண்டனையை முடிவு செய்வதற்கு முன்பே அதைக் கொடுக்க வேண்டும் என்று 1993-ல் கருணாகர் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு சொல்லியிருக்கிறது. தனியார் நிறுவனங்களுக்கும் இது பொருந்தும். ஆனால் நகல் தராததால் உங்களுக்கு என்ன பாதிப்பு என்பதை நீங்கள்தான் காட்ட வேண்டியிருக்கும். அதனால் வரும்வரை காத்திருக்காமல் எழுதிக் கேட்டுவிடுங்கள்.

அப்புறம் வீட்டுச் செலவு. சஸ்பெண்ட் காலத்தில் தர வேண்டிய தொகைக்குப் பிழைப்பூதியம் என்று பெயர். அதற்குத் தமிழ்நாட்டில் 1981-ஆம் ஆண்டுப் பிழைப்பூதியச் சட்டம் இருக்கிறது. சஸ்பெண்ட் ஆன முதல் 90 நாளுக்குப் பாதிச் சம்பளம், அடுத்த 90 நாளுக்கு முக்கால், 180 நாள் தாண்டினால் முழுச் சம்பளம். பாதிச் சம்பளம்கூட வராமல் பஸ்ஸுக்குக் காசில்லாமல் விசாரணைக்கு வராமல் போனவர்களைப் பார்த்திருக்கிறேன், அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை. உங்களுக்கு வரவில்லையென்றால் அதையும் விசாரணைத் தாளிலேயே பதியச் சொல்லுங்கள். ஒவ்வொரு அமர்வு முடிந்ததும் நகலை வாங்கிக்கொண்டு அறையை விட்டு எழுந்திருங்கள்.