செவ்வாய்க்கிழமை விசைப்படகு எப்படிக் கடலுக்குப் போகும்?

பாம்பன் பக்கத்துக் கடற்கரை ஊர் ஒன்றில் நடந்த என் துப்பறியும் தொடர் போன இதழோடு முடிந்தது. படிக்காதவர்களுக்காகச் சுருக்கமாக: விசைப்படகு வைத்திருக்கும் சம்மாட்டி ஒருவர் செத்துக் கரை ஒதுங்குகிறார், பல வருஷம் முன்பு அவர் படகின் டிரைவர் கடலில் விழுந்து உடல்கூடக் கிடைக்காமல் போனவர், மதுரையிலிருந்து மாற்றலாகி வந்த பெண் இன்ஸ்பெக்டர் விசாரிக்கிறார், ஊரே வாயை மூடிக்கொள்கிறது. வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் கதையைப் பற்றியவை அல்ல, கடலைப் பற்றியவை. திட்டுகளையும் சேர்த்தே பதில் சொல்கிறேன்.

ஏழாவது அத்தியாயத்தில், "செவ்வாய் இரவு விசைப்படகு கிளம்பியது, அன்றுதான் டிரைவர் கடலில் விழுந்தார்" என்று எழுதியிருக்கிறீர்கள். செவ்வாய்க்கிழமை எங்கள் ஊரில் விசைப்படகு எப்படி ஐயா போகும்? (வாசகர், ராமேஸ்வரம்)

போகாது. தப்பு என்னுடையது. வெளியூர் வாசகர்களுக்காக விளக்கிவிடுகிறேன். பாக் நீரிணைப் பக்கம் திங்கள், புதன், சனி மூன்று நாள்தான் விசைப்படகுகளுக்கு. மற்ற நாள் நாட்டுப்படகுக்காரர்களுக்கு. இல்லாவிட்டால் விசைப்படகின் இழுவை மடி (வலை) போகிற வழியில் சின்ன ஆட்களின் வலையெல்லாம் அறுந்து போகும். மீன்வளத்துறை டோக்கன் கொடுத்தால்தான் படகு கிளம்பும், திங்கள் போனது செவ்வாய் காலையில் பிடித்த மீனோடு திரும்பி வந்துவிடும். அப்புறம் ஏலம், ஐஸ், கணக்கு, தூக்கம். செவ்வாய் ராத்திரி துறையில் படகெல்லாம் நங்கூரம் போட்டு ஆடிக்கொண்டுதான் நிற்கும்.

இந்த ஒரே விஷயத்துக்காக ராமேஸ்வரம், தங்கச்சிமடம், மண்டபம் மூன்று ஊரிலிருந்தும் கடிதம் வந்துவிட்டது. ஒருவர் தினசரி காலண்டர் தாளையே கிழித்து உறைக்குள் வைத்து அனுப்பியிருக்கிறார், செவ்வாயைச் சிவப்பு மையில் வட்டம் போட்டு. அந்தத் தாள் இப்போது என் மேஜையில் ஒட்டியிருக்கிறது. புத்தகமாக வரும்போது இந்தப் பிழையைத் திருத்தப் போவதில்லை, வேறொன்று செய்யப் போகிறேன். கீழே சொல்கிறேன்.

நவம்பர் மாதம் தென்கடலில் விழுந்த உடல் வடகடல் பக்கம் போய் ஒதுங்குகிறதே, நீந்திப் போனதா? (வாசகர், பாம்பன்)

சிரித்துவிட்டேன். பாம்பனுக்குத் தெற்கே மன்னார் வளைகுடாதான் தென்கடல், வடக்கே பாக் நீரிணைப் பக்கம் வடகடல். நவம்பர் வாடைக்காலம். காற்றும் நீரோட்டமும் வடக்கிலிருந்து தெற்கே தள்ளும் நேரம், பாலத்துக்கு அடியில் நின்று பார்த்தாலே தெரியும். கச்சான் என்கிற தென்மேற்குக் காற்று வீசுகிற மாதங்களில் நீரோட்டம் தெற்கிலிருந்து வடக்கே திரும்பும். நான் கச்சான் காலத்து நீரோட்டத்தை வாடையில் ஓட விட்டுவிட்டேன். இதில் வெட்கக்கேடு என்னவென்றால், உடல் எங்கே ஒதுங்கியது என்பதை வைத்து எங்கே விழுந்தது என்று என் இன்ஸ்பெக்டரம்மா மணிக்கணக்காக யோசிப்பதாக ஓர் அத்தியாயமே எழுதியிருக்கிறேன். கரையில் வலை பின்னிக்கொண்டிருந்த கிழவர் ஒருவரைக் கேட்டிருந்தால் அரை நிமிஷத்தில் முடிந்திருக்கும். புத்தகத்தில் கேட்பார்.

தீவு, தனிமை என்று ஒரே பில்டப். இங்கே பாலம் இருக்கிறது, பஸ் இருக்கிறது, செல்போன் இருக்கிறது. தனித்த ஊர் எங்கே இருக்கிறது? (கல்லூரி மாணவர், ராமநாதபுரம்)

தம்பி, உங்கள் அப்பா காலத்து ஆட்களைக் கேளுங்கள். பாம்பன் ரயில் பாலம் 1914-ல் வந்தது, சாலைப் பாலம் 1988-ல்தான். அதுவரை ரயில் நின்றால் தீவு நின்றது. 1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடிக்குப் போன ரயிலைக் கடல் கொண்டுபோனது, பாலமும் சிதைந்தது. அந்தக் கால வீடுகளில் மழைக்காலத்துக்கு அரிசி சேர்த்து வைத்ததற்குக் காரணம் இருக்கிறது. இப்போது 2025 ஏப்ரலில் திறந்த புது ரயில் பாலம்வரை வந்துவிட்டோம், சரி. ஆனால் பாம்பனில் புயல் கூண்டு ஏற்றட்டும், காற்று ஏறி ரயிலை நிறுத்தட்டும், படகெல்லாம் கயிற்றில் கட்டிக் கிடக்கட்டும், அந்த இரண்டு நாளில் ஊருக்குள் யார் இருக்கிறார்கள், யார் இல்லை என்று விரல் விட்டு எண்ணிவிடலாம். துப்பறியும் கதைக்கு அவ்வளவு போதும்.

செல்போனைப் பற்றிச் சொன்னீர்கள். தனுஷ்கோடி தாண்டி அரிச்சல்முனையில் நிற்கிறவரின் போனுக்கு இலங்கை டவர் கிடைத்து, வெளிநாட்டுக்கு வந்துவிட்டதாகச் செய்தி வருவதுண்டு. நின்றது ராமநாதபுரம் மாவட்டத்தில், போன் சொல்வது இலங்கை என்று. இதைப் பயன்படுத்தாமல் விட்டேனே என்று இப்போது கையைப் பிசைகிறேன்.

கீழக்கரைக்காரர் பேசுகிற இடத்தில் "அண்ணா" என்கிறார். நாங்கள் அப்படிச் சொல்ல மாட்டோம். (வாசகி, கீழக்கரை)

உண்மை. மூத்தவரைக் காக்கா என்பீர்கள், அப்பாவை வாப்பா. திருத்திவிட்டேன். அத்தோடு, "ராத்திரி காக்கா வந்துச்சு" என்று சாட்சி சொன்னதை மதுரை இன்ஸ்பெக்டர் பறவை என்று எழுதிக்கொள்கிற காட்சி ஒன்றும் சேர்த்திருக்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள்.

எங்கள் கரையை வைத்துக் கதை எழுதினாலே கடத்தல்தானா? தங்கம், கடல் அட்டை, பீடி இலை. இங்கே மனுஷன் வாழவில்லையா? (வாசகி, மண்டபம்)

இந்தக் கடிதத்தை இரண்டு நாள் பையில் வைத்துக்கொண்டு திரிந்தேன். கடத்தல் நடக்கவில்லை என்று உங்களாலும் சொல்ல முடியாது. கடல் அட்டையைத் தொடக்கூடாது என்று 2001-லிருந்து தடை இருக்கிறது, இருந்தும் பிடிபட்டுக்கொண்டேதான் இருக்கிறது. கடலில் வீசிய தங்கத்தை ஆட்களை முங்கவிட்டு எடுத்ததும் 2023-ல் உங்கள் மண்டபம் பக்கம்தான். பேப்பரில் வந்ததெல்லாம் கதையில் வரத்தான் செய்யும். ஆனால் நீங்கள் கேட்டது வேறு. பேப்பரில் வராதது ஏன் கதையிலும் வரவில்லை என்று கேட்கிறீர்கள். அதற்கு என்னிடம் நல்ல பதில் இல்லை, சோம்பல்தான்.

கடல்பாசி எடுக்கிற பெண்களைப் பற்றி ஒரே ஒரு பத்தி எழுதியிருந்தேன், அதுவும் வேடிக்கை பார்க்கிறவன் எழுதியது போல. சேலைக்கு மேல் ஆம்பளைச் சட்டை, கண்ணில் கண்ணாடி, பாறை கிழிக்காமல் இருக்க விரல்களில் துணி சுற்றி, தீவுப்பக்கம் போய் மூச்சை அடக்கி முங்கி முங்கி எடுக்கிறார்கள். எந்தப் பாறை எங்கே இருக்கிறது, நேற்று இல்லாத பொருள் எது இன்று கிடக்கிறது என்று அவர்களைப் போல் யாருக்குத் தெரியும்? மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் 1986-லிருந்து தேசியப் பூங்கா. அனுமதியில்லாமல் உள்ளே போகக்கூடாது, போனால் வனத்துறை கேட்கும். அதனால் அவர்கள் பார்த்ததைச் சொல்லவும் முடியாது. "நீ அங்கே என்ன செய்தாய்?" என்ற கேள்வி முதலில் வந்துவிடும். ஊர் வாயை மூடிக்கொண்டதற்கு நான் ஊர்க்கட்டுப்பாடு, பயம் என்று என்னென்னவோ காரணம் எழுதினேன். இதுதான் சரியான காரணம், உங்கள் கடிதத்தைப் படித்தபோதுதான் உறைத்தது.

டிரைவரின் மனைவி ஏழு வருஷம் சும்மா இருந்துவிட்டு எட்டாவது வருஷம் சம்மாட்டியைக் கொல்கிறாள். நம்பும்படி இல்லை. (வாசகர், தொண்டி)

(தொடரை இன்னும் படித்து முடிக்காதவர்கள் இந்தப் பதிலைத் தாண்டிப் போய்விடவும்.)

ஏழு என்பது நான் போட்ட கணக்கு இல்லை, சட்டம் போட்டது. கடலில் போனவர் உடல் கிடைக்கவில்லை என்றால் அவர் இறந்தவரும் இல்லை, இருப்பவரும் இல்லை. ஏழு வருஷம் எந்தத் தகவலும் இல்லை என்றால்தான் இறந்துவிட்டதாகச் சட்டம் எடுத்துக்கொள்ளும். அதுவரை இறப்புச் சான்றிதழ் கிடைப்பது பெரும்பாடு, அது இல்லாமல் இன்ஷூரன்ஸ், வங்கி, வாரிசுச் சான்றிதழ் எதுவும் நகராது. 2017 ஒக்கிப் புயலில் காணாமல் போனவர்களின் குடும்பத்துக்கு அரசு அத்தனை வருஷம் காத்திருக்காமல் நிவாரணம் கொடுத்தது, அது பெரிய பேரிடர் என்பதால். ஒற்றை ஆள் விழுந்தால் யார் கேட்கப் போகிறார்கள்? பொட்டு வைப்பதா வேண்டாமா என்பதைக்கூட அக்கம்பக்கம் தீர்மானிக்கும்.

கதைப்படி அந்த ஏழு வருஷமும் அவள் சம்மாட்டியின் வாக்குமூலத்தை நம்பித்தான் இருக்க வேண்டும், "படகிலிருந்து தவறி விழுந்தான்" என்று கையெழுத்துப் போட்டவர் அவர்தான். அவர் மனது வைத்தால்தான் கடைசியில் காகிதம் வரும். அதனால் சும்மா இருந்தாள். சரி, காகிதம் வந்ததும் ஏன் கொன்றாள்? தொடரில் இதற்கு அழுத்தமான காரணம் இல்லை. நீங்கள் சொன்னது நியாயம்.

இங்கேதான் ராமேஸ்வரத்துக் காலண்டர் தாள் எனக்குக் கைகொடுக்கிறது. டிரைவர் உண்மையில் விழுந்த திங்கள் இரவு சம்மாட்டியும் கடலில்தான் இருந்தார். அதை மறைக்க, மறுநாள் இரவு, தான் ஒரு கல்யாண வீட்டில் போட்டோவுக்கு நின்ற நேரத்தில், டிரைவர் விழுந்ததாகத் தேதியை ஒருநாள் தள்ளி எழுதிக் கொடுத்துவிட்டார். ஸ்டேஷனில் தேதியைப் பார்த்தார்கள், கிழமையைப் பார்க்கவில்லை. வெளியூர் ஏட்டு, அவருக்கு எல்லா நாளும் ஒன்றுதான். ஏழு வருஷம் கழித்து வழக்குக் காகிதம் முதல் தடவையாக அவள் கைக்கு வருகிறது. தேதியைப் பார்க்கிறாள். அது செவ்வாய்க்கிழமை.

நான் கவனக்குறைவாகச் செய்த தப்பை இனி சம்மாட்டி செய்வார். காலண்டர் அனுப்பியவர் முகவரி எழுதவில்லை, எழுதினால் புத்தகம் ஒன்று அனுப்பி வைக்கிறேன்.

குற்றவாளி யார் என்று மூன்றாவது வாரமே கண்டுபிடித்துவிட்டேன். (வாசகர், பரமக்குடி)

அப்புறம் ஏன் கடைசி வாரம்வரை வாங்கினீர்கள்? நன்றி.

அடுத்த தொடர் எங்கே? (வாசகி, தேவிபட்டினம்)

கச்சத்தீவு. அந்தோணியார் திருவிழா ராத்திரி. குடியிருப்பவர் யாரும் இல்லை, குடிக்கத் தண்ணீர் கிடையாது, பாஸ்போர்ட் இல்லாமல் பெயர் கொடுத்துப் பதிந்த பட்டியலோடு இங்கிருந்து படகுகள், அங்கிருந்து படகுகள், இரண்டு கரைக்கும் சேர்த்துப் பூசை, விடிந்தால் அவரவர் கரைக்கு. திரும்பும்போது பட்டியலில் ஒரு தலை குறைகிறது. தீவு இலங்கையுடையது. செத்தவரும் கொன்றவரும் இந்தியர்கள் என்றால் நம் நீதிமன்றமும் விசாரிக்கலாம், ஆனால் மத்திய அரசு அனுமதி வேண்டும். அதற்குள் சாட்சிகள் இரண்டு நாட்டுக்குப் பிரிந்து போயிருப்பார்கள்.

திருவிழாவுக்குப் போய்வந்தவர்கள் எழுதுங்கள். குறிப்பாக எனக்குத் தெரிய வேண்டியது: ராத்திரி எங்கே படுப்பீர்கள், திரும்பும்போது வந்த அதே படகில்தான் ஏற வேண்டுமா, ஏறும்போது தலையை எண்ணுவது யார்? இந்தத் தடவை முதலிலேயே கேட்டுக்கொள்கிறேன்.