வாழ்நாள் முழுக்கக் குழந்தைகளுக்கான மாயக்கதைப் படங்களே எடுத்த இயக்குநர் யாராவது இருக்கிறாரா?

இருக்கிறார். சோவியத் ரஷ்யாவின் அலெக்சாந்தர் ரோ. 'முழுக்க' என்ற சொல்லுக்கு ஒன்றிரண்டு படங்கள் விலக்கு, அதைப் பிறகு சொல்கிறேன்.

எனக்கு அவர் அறிமுகமானது பாபா யாகா வழியாக. தமிழில் வந்த ரஷ்ய நாட்டுப்புறக் கதைப் புத்தகங்களைப் படித்து வளர்ந்தவர்களுக்கு அந்தச் சூனியக் கிழவியைத் தெரிந்திருக்கும். கோழிக்கால் மேல் நிற்கும் குடிசையில் இருப்பாள், உரலில் ஏறிப் பறப்பாள். சின்ன வயதில் அவள் படம் இருக்கும் பக்கத்தை வேகமாகப் புரட்டிவிடுவேன். பல வருடம் கழித்து ரோவின் 'மரோஸ்கோ' (பனித்தாத்தா, 1964) பார்த்தேன். கதாநாயகன் குடிசையைத் தன் பக்கம் திரும்பச் சொல்கிறான், அவள் தன் பக்கம் திரும்பச் சொல்கிறாள். பாவம், குடிசை இங்கும் அங்கும் சுற்றுகிறது. கிழவியோ முனகலும் புலம்பலுமாக ஒரே ரகளை. சிரித்து முடித்து, யார் இந்த நடிகை என்று தேடினால், நடிகையே இல்லை. ஜார்ஜி மில்யார் என்ற ஆண்! ரோவின் பெரும்பாலான படங்களில் அவர் உண்டு.

ரோ பிறந்தது 1906ல். அப்பா அயர்லாந்துக்காரர், மாவு ஆலை வேலைக்காக ரஷ்யா வந்த பொறியாளர். அம்மா கிரேக்கர். அப்பா குடும்பத்தை விட்டுவிட்டு ஊர் திரும்பியதும் பையன் தீப்பெட்டியும் சீப்பும் விற்றுப் பிழைத்திருக்கிறான். அப்புறம் நாடகம், பிறகு புரோத்தசானவ் என்ற பெரிய இயக்குநரிடம் உதவியாளர்.

அவர் தனியாகப் படம் எடுக்க வந்த நேரம் நல்ல நேரம். 1920களில் சோவியத் கல்வியாளர்கள் பலருக்கு மாயக்கதை என்றாலே ஆகாது. ராஜா, ராணி, சூனியக்காரி எல்லாம் புதிய சமுதாயத்துப் பிள்ளைகளுக்கு எதற்கு என்பார்கள். 1930களின் நடுவில் அந்தக் கெடுபிடி தளர்ந்தது. 1936ல் குழந்தைகள் படங்களுக்கென்றே சயூஸ்தெத்ஃபில்ம் என்ற ஸ்டுடியோ உருவானது. அங்கே 1938ல் ரோவின் முதல் படம். சோம்பேறி எமெல்யா, மந்திர மீன் தந்த வரத்தால் அடுப்பில் உட்கார்ந்தபடியே ஊர்வலம் போகிற கதை. (ரஷ்ய அடுப்பு மேலே படுத்துத் தூங்கும் அளவு பெரியது, நம் விறகடுப்பை நினைத்துக்கொள்ள வேண்டாம்.) அடுத்த படத்திலேயே மில்யார் பாபா யாகா ஆகிவிட்டார்.

இரண்டாம் உலகப் போர் வந்ததும் ஸ்டுடியோவை மத்திய ஆசியாவின் ஸ்தாலினாபாதுக்கு, அதாவது இன்றைய துஷான்பேக்கு, மாற்றினார்கள். அங்கே எடுத்தது சாவே இல்லாத கொடியவன் கஷ்செய்யின் கதை. மில்யாருக்கு அப்போது மலேரியா. எலும்பும் தோலுமாகிவிட்ட அந்த உடம்போடுதான் கஷ்செய்யாக நடித்தார். ஒப்பனைக்காரருக்குப் பாதி வேலை மிச்சம். ஊரை எரித்துப் பெண்ணைத் தூக்கிப் போகிறவனை நாயகன் வீழ்த்துகிற கதை. போர் முடிகிற நேரத்தில் பார்த்தவர்களுக்கு அது யாரைப் பற்றியது என்று யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை. ரோவின் படங்களில் நிஜமாகவே பயமுறுத்துவது இது ஒன்றுதான் என்பேன்.

ஸ்தாலின் காலக் கடைசியில் நாடு முழுக்கப் படங்களின் எண்ணிக்கையே சுருங்கியது. ரோவுக்கும் வறட்சி. 1952ல் எழுத்தாளர் கோகலின் கதை ஒன்றை முப்பரிமாணத்தில் எடுத்தார். 1954ல் மாயம் எதுவும் இல்லாத ஒரு மலைப்பகுதி சாகசப் படம். நான் சொன்ன விலக்குகளில் ஒன்று இது. அவர் படங்களைத் தேடிப் பார்ப்பவர்கள்கூட இதைத் தாண்டிப் போய்விடலாம்.

1959க்குப் பிறகுதான் அவருடைய பொற்காலம். வளைந்த கண்ணாடிகளின் நாட்டைப் பற்றிய படத்தில் சிறுமியாகவும் அவளுடைய பிம்பமாகவும் இரட்டைச் சகோதரிகளையே நடிக்க வைத்தார். 'மரோஸ்கோ'வின் நாயகி நதால்யா செதிக், பனிச்சறுக்கு நடனம் ஆடிக்கொண்டிருந்த சிறுமி. ஆனால் படத்தைத் தூக்கிச் சாப்பிடுவது சோம்பேறி மகளாக வரும் இன்னா சூரிகவாதான். பனித்தாத்தாவிடம் சீதனம் வாங்கி வருவாள் என்று அம்மா காத்திருக்க, பன்றிகள் இழுக்கும் சறுக்கு வண்டியில் வந்து இறங்குவாள்! படம் 1965ல் வெனிஸ் குழந்தைகள் திரைப்பட விழாவில் பரிசு வாங்கியது. செக் நாட்டில் இன்றும் அதைப் பார்க்காமல் பண்டிகைக் காலம் போகாது. அமெரிக்காவிலோ 1997ல் ஒரு தொலைக்காட்சி நிகழ்ச்சி அதைக் கிண்டலுக்கு எடுத்துக்கொண்டது.

ரோவிடம் எனக்குப் பிடித்தது, ஒரே குழுவை வைத்துக்கொண்டு திரும்பத் திரும்ப விளையாடியது. கடைசிக்காலப் படங்கள் பலவற்றில் அனஸ்தாசியா ஸூயெவா என்ற பாட்டி ஜன்னலைத் திறந்து கதையைத் தொடங்குவார். அவர் முகத்தைப் பார்த்ததுமே நாம் உட்கார்ந்துவிடுவோம். 1973 டிசம்பரில் ரோ இறந்தபோது அடுத்த கதையும் கையில் தயாராக இருந்தது. அதை வேறொருவர் இயக்கி, 1975ல் வெளியிட்டு, ரோவுக்கே சமர்ப்பித்தார்.

சரி, எதிலிருந்து தொடங்குவது என்று கேட்டால், 'மரோஸ்கோ'. ரஷ்ய ஒலியிலேயே, சப்டைட்டில் போட்டுப் பாருங்கள். ஆங்கில டப்பிங்கில் மில்யாரின் குரல் இருக்காது, அது இல்லாமல் பாபா யாகா பாதிதான்.