ஒரே சொல் திரும்பத் திரும்ப வந்தால்

அன்புள்ள எழுத்தாளருக்கு,

வணக்கம். கொஞ்ச காலமாகச் சிறுகதை எழுதிப் பழகுகிறேன். ஒரு கதையைப் படித்த நண்பர், ‘ஒரே சொல் திரும்பத் திரும்ப வருகிறது, சொல்வளம் போதாது’ என்றார். அதன் தொடக்கம் இது: ‘அப்பா வீட்டுக்குள் வந்தார். வீடு இருட்டாக இருந்தது. வீட்டில் யாரும் இல்லை.’ அகராதியைப் பார்த்து, ‘அப்பா வீட்டுக்குள் வந்தார். இல்லம் இருட்டாக இருந்தது. மனையில் யாரும் இல்லை’ என்று மாற்றினேன். உரையாடல்களிலும் ‘சொன்னார்’ வந்த இடங்களில் கூறினார், உரைத்தார், மொழிந்தார் என்று மாற்றி மாற்றிப் போட்டேன். இப்போது படித்தால் யாரோ எழுதிய கதை போல இருக்கிறது. பழையபடி விட்டால் நண்பர் சொன்ன குறை அப்படியே நிற்கிறது. ஒரே பொருள் தரும் சொற்களை எப்படித்தான் பயன்படுத்துவது? அதற்கென்று அகராதி வைத்துக்கொள்வது தேவையா?

வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் நண்பருக்கு ஏதோ இடறியிருக்கிறது. அது உண்மை. ஆனால் காரணத்தைத் தப்பாகச் சொல்லிவிட்டார். உங்கள் மூன்று வாக்கியங்களும் ஒரே அச்சில் வார்த்தவை. பின்னிரண்டும் வாசகருக்கு ஏற்கெனவே தெரிந்ததைச் சொல்லித் தொடங்குகின்றன. அப்பா வீட்டுக்குள் வந்துவிட்டார் என்றான பிறகு, எங்கே இருட்டு என்று யாரும் கேட்கப்போவதில்லை. ‘அப்பா வீட்டுக்குள் வந்தார். ஒரே இருட்டு. யாரும் இல்லை.’ அவ்வளவுதான். வீடு ஒரு தடவை வந்தாலே போதும், மாற்றுச் சொல்லுக்கு வேலையே இல்லை.

தமிழில் இது இன்னும் சுலபம். ‘வந்தாள்’ என்றாலே வந்தது ஒரு பெண் என்பது வினைமுற்றில் இருக்கிறது. ஆகவே வாக்கியத்துக்கு வாக்கியம் ‘அவள்’ போடத் தேவையில்லை. ‘அவள் எழுந்தாள். அவள் ஜன்னலைத் திறந்தாள். அவள் வெளியே பார்த்தாள்’ என்று எழுதிவிட்டு, மூன்று ‘அவள்’ வருகிறதே என்று ‘அப்பெண்’, ‘அந்த மங்கை’ என்றெல்லாம் மாற்றுபவர்களைப் பார்த்திருக்கிறேன். ‘எழுந்து ஜன்னலைத் திறந்து வெளியே பார்த்தாள்’ என்றால் தீர்ந்தது. திரும்ப வரும் சொல்லைக் கண்டால் முதலில் அதை எடுத்துவிட்டுப் படித்துப் பாருங்கள். பாதி இடங்களில் வாக்கியம் அது இல்லாமலே நன்றாக நிற்கும்.

அடுத்து நீங்கள் போட்ட சொற்கள். அகராதியில் வீடு, இல்லம், மனை மூன்றும் பக்கத்தில் பக்கத்தில்தான் இருக்கும். புழக்கத்தில் ஒவ்வொன்றும் வேறு இடத்தில் குடியிருக்கிறது. இல்லம் என்றால் நமக்கு அழைப்பிதழ் நினைவுக்கு வரும், ‘எங்கள் இல்லத் திருமண விழா’ என்று. அல்லது முதியோர் இல்லம். மனை என்றால் இன்று விற்பனைக்கு இருக்கும் காலி இடம். உங்கள் கதையின் அப்பா வீட்டுக்குள் நுழைந்து, அடுத்த வரியில் வேறொரு கட்டடத்தில் நின்று, அதற்கடுத்த வரியில் வெறும் நிலத்தில் நிற்கிறார். யாரோ எழுதிய கதை போல உங்களுக்குத் தோன்றியதற்குக் காரணம் இதுதான்.

மனம், உள்ளம், நெஞ்சு, இதயம் இப்படித்தான். ‘மனம் மாறிவிட்டான்’ என்று எழுதலாம். ‘இதயம் மாறிவிட்டான்’ என்றால் யாருக்கும் புரியாது. ‘மனசு வலித்தது’ என்றால் துக்கம், ‘நெஞ்சு வலித்தது’ என்றால் ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும்.

இது நம் இலக்கணக்காரர்களுக்கு நன்றாகத் தெரிந்த விஷயம். தொல்காப்பியம் ஈ, தா, கொடு என்ற மூன்று சொற்களை எடுத்துக்கொள்கிறது. மூன்றுமே ஒருவரிடம் ஒன்றைக் கேட்கும் சொற்கள்தான். ஆனால் ‘ஈ’ தாழ்ந்தவன் கேட்பது, ‘தா’ ஒத்தவன் கேட்பது, ‘கொடு’ உயர்ந்தவன் கேட்பது என்று பிரித்துச் சொல்கிறது. அந்த ஏற்றத்தாழ்வை நாம் ஏற்க வேண்டியதில்லை. சொல் மாறினால் பேசுபவருக்கும் கேட்பவருக்கும் உள்ள உறவே மாறிவிடுகிறது என்று கண்டுகொண்ட அந்தக் கூர்மையைத்தான் பார்க்கச் சொல்கிறேன். இறந்தார், செத்தான், காலமானார், தவறிவிட்டார், போய்ச் சேர்ந்தார் எல்லாம் ஒரே செய்தி. ஆனால் சொல்பவர் யார், போனவர் மேல் அவருக்கு என்ன எண்ணம் என்று ஒவ்வொன்றும் வேறு கதை சொல்லும்.

அப்படியானால் நிகண்டுகள் எதற்கு என்று கேட்கலாம். திவாகரம், பிங்கலம், சூடாமணி எல்லாம் ஒரு பொருளுக்குப் பல பெயர்களை அடுக்கித் தந்தன. 1732-இல் வீரமாமுனிவர் செய்த சதுரகராதியிலும் அதற்கென ஒரு பகுதி உண்டு. எதுகை, மோனை, சீர் பார்த்துச் செய்யுள் இயற்றுபவருக்கு ஒரே பொருளில் நாலு விதமான ஓசையுள்ள சொற்கள் கைவசம் வேண்டும். உரைநடையில் அந்த நெருக்கடி கிடையாது.

‘சொன்னார்’ விஷயம் சுருக்கமாக. அதை மாற்றாதீர்கள். ‘சொன்னார்’, ‘என்றார்’ இரண்டையும் வாசகரின் கண் நிற்காமல் கடந்து போகும். கவனம் பேச்சின் மேலேயே இருக்கும். ‘மொழிந்தார்’ என்று போட்டால் பேச்சை விட்டுவிட்டு அந்தச் சொல்லைப் பார்க்கும். யார் பேசுகிறார் என்று பேச்சிலேயே தெரிந்தால் அதையும் எடுத்துவிடலாம். அப்புறம், கதைக்கு வெளியே ஓர் எச்சரிக்கை: ஒப்பந்தம், மருந்துக் குறிப்பு, செய்முறை விளக்கம் போன்றவற்றில் அழகுக்காகச் சொல்லை மாற்றவே கூடாது. ‘வாடகைதாரர்’ என்று தொடங்கிவிட்டு நடுவில் ‘குடியிருப்பவர்’ என்று எழுதினால் அது வேறொரு ஆள் என்று வாதாட இடம் கொடுத்துவிடும்.

அகராதி வேண்டுமா என்றால், கட்டாயம் வேண்டும். அதைத் திறக்க வேண்டிய இடம் வேறு. ‘பக்கத்து அறையில் சத்தம் கேட்டது’ என்று எழுதியிருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். அந்த வரி ஒரே ஒரு தடவைதான் வருகிறது, திரும்ப வரவில்லை. ஆனாலும் அதைத்தான் மாற்ற வேண்டும். என்ன சத்தம்? முனகலா, கூச்சலா, சலசலப்பா, கிசுகிசுப்பா, விசும்பலா? ‘விசும்பல் கேட்டது’ என்று எழுதியதும் அறைக்குள் ஓர் ஆள் வந்துவிட்டார், அவர் அழுகையை அடக்கப் பார்க்கிறார் என்பதும் வந்துவிட்டது. மழையும் அப்படித்தான்: தூறியதா, பிடித்துக்கொண்டதா, கொட்டித் தீர்த்ததா? நீங்கள் மனதில் பார்த்ததற்கும் தாளில் எழுதியதற்கும் இடைவெளி இருக்கும்போது அகராதியைப் புரட்டுங்கள். தெரிந்தும் சமயத்தில் நாக்கில் வராத சொல் அங்கே கிடைக்கும். முன்பின் கேட்டறியாத சொல் கிடைத்தால், அதை நாலு பேர் எங்கே எப்படிப் பயன்படுத்தியிருக்கிறார்கள் என்று படித்துப் பார்க்கும்வரை கதையில் போடாதீர்கள்.

திருத்திய பிறகு கதையை அனுப்புங்கள், படிக்கிறேன்.

அன்புடன்