பிரிந்தபின் என்ன சிரிப்பு?

கேள்வி: ‘போனஸ் ஃபேமிலி’ என்ற ஸ்வீடன் தொடரை நெட்ஃபிளிக்ஸில் பார்த்தேன். பிரிந்துபோன பெற்றோரின் பிள்ளைகள் ஒரு வாரம் தாய் வீட்டிலும் மறு வாரம் தந்தை வீட்டிலுமாக அலைகிறார்கள். இதையா நகைச்சுவை என்கிறார்கள்? குடும்பம் உடைவதைச் சாதாரணமாக்கும் முயற்சிதானே இது?
(வாசகர் ஒருவர், கும்பகோணம்)

பதில்: கதை தொடங்கும்போதே இரண்டு குடும்பங்களும் பிரிந்து முடிந்துவிட்டன, எனவே அந்தப் பழியை எஸ்.வி.டி. என்னும் அந்நாட்டுப் பொதுத் தொலைக்காட்சி 2017 முதல் 2021 வரை நான்கு பருவங்களாக ஒளிபரப்பிய ஒரு தொடரின் தலையில் ஏற்றுவதற்கில்லை. 1974 முதல் ஸ்வீடனில் மணமுறிவு கோருபவர் காரணம் சொல்லவோ, யார்மீது குற்றம் என்று நிரூபிக்கவோ தேவையில்லை. பதினாறு வயதுக்குட்பட்ட பிள்ளை தம்முடன் வாழ்ந்தால் ஆறு மாதம் யோசிப்பதற்கு அவகாசம் உண்டு. அதன் பிறகும் கேட்டால் கிடைத்துவிடும். தாங்கள் அஞ்சும் ‘சாதாரணமாக்கல்’ அங்கே சட்டப் புத்தகத்தில் ஏறி அரை நூற்றாண்டு ஆகிறது.

சிரிப்பும் அங்கிருந்துதான் பிறக்கிறது. யார் கெட்டவர் என்று தீர்ப்புச் சொல்ல நீதிமன்றம் இல்லாதபோது, மிச்சமிருக்கும் கோபமெல்லாம் பிள்ளையின் துணிப்பையிலும், வீட்டுப்பாடத்திலும், பள்ளியில் நடக்கும் பெற்றோர் கூட்டத்திலும் போய் இறங்குகிறது. லீசாவும் பாத்ரிக்கும் புதிதாகச் சேர்ந்து வாழத் தொடங்குகிறார்கள். லீசாவின் மகன் எடியும் பாத்ரிக்கின் மகன் வில்லியமும் ஒரே வயதினர், ஒருவரையொருவர் கண்டாலே ஆகாதவர்கள். எடி கட்டுப்பாடில்லாமல் வளர்ந்தவன். வில்லியமோ ஒழுங்குக்குப் பெயர்போன தன் தாய் காத்யாவிடம் பயின்றவன். பெற்றோர் காதலித்த குற்றத்துக்காக இந்த இரண்டு சிறுவர்களும் ஒரே வீட்டில் அடைபட வேண்டியிருக்கிறது. தன் பிள்ளை செய்வது குறும்பாகவும் அடுத்தவர் பிள்ளை செய்வது வளர்ப்புக் கோளாறாகவும் தெரியும் அந்தப் பார்வையைத் தொடர் விடாமல் பின்தொடர்கிறது. எனக்கு அதில் மிகவும் பிடித்தது அதுதான். லீசாவின் முன்னாள் துணைவர் மார்ட்டின், வளர்ந்த ஆண்மகன், தன் தாயின் வீட்டில் ஒண்டிக்கொண்டு அவரிடமே புத்திமதி கேட்டுக்கொள்வது தனிக் கூத்து.

‘போனஸ் ஃபேமிலி’யை உருவாக்கியவர்களில் ஒருவரான ஃபீலிக்ஸ் ஹெர்ன்கிரென், 2010இல் டிவி4 அலைவரிசையில் தொடங்கிய ‘சோல்சீடன்’ என்ற நகைச்சுவைத் தொடரை உருவாக்கியவர்களிலும் ஒருவர். அதில் பல்மருத்துவராகவும் நடித்தார். ஸ்டாக்ஹோம் அருகே சால்ட்ஷோபாடன் என்ற பணக்காரக் குடியிருப்பில் நடக்கும் அக்கதையில், ஓவே என்ற மகாகஞ்சனைக் காட்டி நம்மைச் சிரிக்கவைக்கலாம். ‘போனஸ் ஃபேமிலி’யில் அப்படி ஒருவரைக் கைகாட்டிச் சிரிப்பதற்கு வழியில்லை. லீசாவும் பாத்ரிக்கும் இரண்டு ஆலோசகர்கள் முன்னால் அமர்ந்து தத்தம் நியாயத்தை விளக்கும்போது, இருவர் பக்கமும் நியாயம் இருப்பதும், இருவருமே சற்று அற்பமாக நடந்துகொண்டிருப்பதும் ஒருசேரத் தெரிந்துவிடுகிறது. வில்லன் இல்லாத கதையில் சிரிப்பதற்குக் கொஞ்சம் பொறுமை வேண்டும். வில்லனை எதிர்பார்த்து உட்கார்ந்திருந்தால் அது சோகக் கதையாகத்தான் படும்.

தொடரில் குறையே இல்லையா என்றால், உண்டு. வாரம் மாற்றி வாரம் பிள்ளைகள் போய்வர வேண்டுமானால் பள்ளிக்கு எட்டும் தொலைவிலேயே, ஒவ்வொன்றிலும் பிள்ளைகளுக்கு இடமிருக்கும் இரண்டு வீடுகள் வேண்டும். ஸ்டாக்ஹோமில் அது எளிய செலவன்று. காத்யா கட்டடக் கலைஞர், பாத்ரிக் ஆசிரியர். இப்படிப் படித்து வேலையில் இருப்பவர்களின் மனக்கசப்பைத் துல்லியமாக எடுத்துவைக்கும் தொடர், வாடகைச் சீட்டை மட்டும் அவ்வளவு உற்றுப் பார்ப்பதில்லை. பிரிவு எல்லாருக்கும் இப்படிக் கட்டுப்படியாகும் என்று நம்பவைக்கிறது என நீங்கள் குற்றஞ்சாட்டியிருந்தால் நான் மறுத்திருக்கமாட்டேன்.