பேஸ்பால் களத்திலிருந்து ஒளிபரப்பு வண்டிக்கு: கேள்வி பதில்

பேஸ்பால் ஒளிபரப்பில், நடந்த காட்சியை வேறு கோணங்களில் திரும்பக் காட்டும் ரீப்ளே பிரிவில் வேலை செய்கிறேன். அதற்கு முன் அமெரிக்காவில் ஒரு சிறு நகர அணிக்காக மைதானத்தின் பெரிய திரையில் காட்டும் காட்சிகளைப் படம்பிடித்துக்கொண்டிருந்தேன். ஆட்டக்காரராகத் தொடங்கித் தொலைக்காட்சித் தயாரிப்புக்கு வரும் வழியைப் பற்றிப் பலர் கேட்டிருக்கிறீர்கள். இயன்றவரை பதில் தருகிறேன்.

கேள்வி: அம்மா, நாங்கள் டெக்சாஸில் வசிக்கிறோம். மகன் பள்ளி அணியில் கேட்சர் (பேட்டருக்குப் பின்னால் அமர்ந்து பந்தைப் பிடிப்பவர்). தொழில்முறை ஆட்டக்காரனாகி, ஓய்வுக்குப் பிறகு தொலைக்காட்சிக்குப் போவேன் என்கிறான். நடக்கிற காரியமா?

பதில்: நடக்கும். ஆனால் ஓய்வு பெறும்வரை இரண்டாவது வேலையைத் தள்ளிப்போட வேண்டாம் என்று சொல்லுங்கள். அமெரிக்க பேஸ்பாலின் உச்சப் போட்டியான மேஜர் லீகின் அணிகள் இளைஞர்களைத் தேர்ந்தெடுக்கும் ஆண்டுத் தேர்வு 2019 வரை 40 சுற்றுகளாக நடந்தது. 2021 முதல் 20 சுற்றுகள்தான். தேர்வானாலும் சிங்கிள் ஏ, ஹை ஏ, டபுள் ஏ, டிரிபிள் ஏ என்று மைனர் லீக் படிகளை ஒவ்வொன்றாக ஏற வேண்டும். 2023இல் டிரிபிள் ஏ ஆட்டக்காரருக்குக் குறைந்தபட்ச ஆண்டுச் சம்பளம் 35,800 டாலர். அடுத்த படியான மேஜர் லீகில் 7,20,000 டாலர். அந்த ஒரு படியில் கால் வைக்காமலேயே பெரும்பாலோரின் ஆட்ட வாழ்க்கை முடிந்துவிடுகிறது.

அதனால் ஒளிபரப்புக் கலை கற்றுத்தரும் கல்லூரி ஒன்றில் சேர்ந்து, அங்கேயே ஆடட்டும். ஆட்டம் இல்லாத நாட்களில் கல்லூரியின் மற்ற போட்டிகளுக்கு கேமரா பிடிக்கட்டும். உங்கள் மகன் கேட்சர் என்பது எனக்குப் பெரிய மகிழ்ச்சி. களத்தில் தன் அணியின் மற்ற எட்டுப் பேரையும் எதிரே வைத்துப் பார்ப்பவர் கேட்சர் ஒருவர்தான். எந்தப் பந்தை வீச வேண்டும், யார் எங்கே நகர வேண்டும் என்று ஒவ்வொரு பந்துக்கும் முன்னால் யோசித்தாக வேண்டியவர். ஜோ கராஜியோலா, பாப் யூக்கர், டிம் மெக்கார்வர் ஆகிய மூவரும் கேட்சர்களாக இருந்து ஒளிபரப்பில் புகழ்பெற்றவர்கள். இது தற்செயல் என்று நான் நினைக்கவில்லை.

கேள்வி: நட்சத்திர ஆட்டக்காரர்களைத்தானே தொலைக்காட்சி கூப்பிடும்? சாதாரண ஆட்டக்காரருக்கு என்ன வாய்ப்பு?

பதில்: பாப் யூக்கரையே எடுத்துக்கொள்ளுங்கள். மேஜர் லீகில் ஆறு பருவங்கள் ஆடினார். அடித்தது மொத்தம் 14 ஹோம் ரன் (கிரிக்கெட்டின் சிக்ஸர் போன்றது), பேட்டிங் சராசரி .200, அதாவது ஐந்து முயற்சிக்கு ஒரு வெற்றிகரமான அடி. ஆட்டக்காரராக யாரும் நினைவில் வைத்திருக்க வேண்டிய கணக்கு இல்லை. ஆனால் 1971இல் மில்வாக்கி புரூவர்ஸ் அணியின் வானொலி வர்ணனையாளராகி, 2024 பருவம் வரை அந்த இருக்கையில் இருந்தார். இடையில் தேசியத் தொலைக்காட்சி வர்ணனை, ஒரு நகைச்சுவைத் தொடரில் ஐந்தாண்டு நடிப்பு. மாற்று ஆட்டக்காரராக நீண்ட நேரம் உட்கார்ந்து ஆட்டத்தைக் கவனித்தவருக்குச் சொல்ல நிறைய இருக்கும்.

ஒன்று மட்டும் சொல்வேன்: எல்லோரும் மைக்கையே பார்க்கிறார்கள். ஓர் ஒளிபரப்பில் மைக் முன் இருப்பவர்கள் இரண்டு மூன்று பேர். மீதிப் பேரில் பலர் மைதானத்துக்கு வெளியே நிற்கும் வண்டியில் இருக்கிறார்கள். ஆட்டம் தெரிந்த ஆட்களுக்கு அங்கேதான் தட்டுப்பாடு.

கேள்வி: அந்த வண்டிக்குள் என்னதான் நடக்கிறது?

பதில்: எனக்குப் பிடித்த கேள்வி. தயாரிப்பாளர் எந்தக் கதையைச் சொல்வது என்று முடிவு செய்வார். இயக்குநர் எந்த கேமரா என்று சொல்வார். அவர் சொன்ன நொடியில் ஒருவர் பொத்தானை அழுத்துவார். பக்கத்தில் ஒலி, எழுத்து வரைகலை, ரீப்ளே எனத் தனித்தனி ஆட்கள்.

ஒரு காட்சி சொல்கிறேன். ஓட்டக்காரர் வரிசையாகத் தொட்டுச் செல்ல வேண்டிய நான்கு இடங்களில் இரண்டாவதான இரண்டாம் பேஸில் ஓட்டக்காரர் நிற்கிறார். பேட்டர் வலது பக்கம் அடித்தால் ஓட்டக்காரர் ரன் எடுக்கக் கடைசி இடமான ஹோம் பிளேட்டுக்கு ஓடுவார். பந்து வீசப்படும் முன்பே ஒவ்வொரு கேமராவுக்கும் வேலை பிரிக்கப்பட்டிருக்கும்: உயரத்தில் உள்ளது பந்தோடு போகும், தாழ்வாக உள்ள ஒன்று ஓட்டக்காரரை விடாது, இன்னொன்று பேட்டரின் முகத்திலேயே நிற்கும். பந்து வீசுபவரான பிட்சரின் கையை விட்டுப் பந்து பிரியும் நொடியை நான் குறித்துக்கொள்வேன். ஓட்டக்காரர் ஹோம் பிளேட்டை எட்டும் முன் பந்தோடு கேட்சரின் கையுறை அவர் காலைத் தொட்டதா (தொட்டால் அவுட்) என்பது எந்தக் கோணத்தில் தெரியும் என்று, தேடிப் பார்க்காமலே ஊகித்து, அதையே முதலில் தர வேண்டும். 2023இல் பிட்சருக்குக் கடிகாரம் வைத்துவிட்டார்கள். பேஸ்களில் ஆள் இல்லாவிட்டால் 15 நொடிக்குள் வீசியாக வேண்டும். ஒன்பது இன்னிங்ஸ் ஆட்டத்தின் சராசரி நேரம் 3 மணி 4 நிமிடத்திலிருந்து 2 மணி 40 நிமிடமாகக் குறைந்தது. முன்பு மூன்று கோணங்கள் காட்ட முடிந்த இடத்தில் இப்போது ஒன்றுக்குத்தான் நேரம். அந்த ஒன்று சரியாக அமைய, பந்து போகும் திசை உடம்பிலேயே ஊறியிருக்க வேண்டும். முன்னாள் ஆட்டக்காரருக்கு அது ஏற்கெனவே கைவந்திருக்கும். இயந்திரத்தைக் கற்றுத்தந்துவிடலாம், இதைக் கற்றுத்தர நெடுங்காலம் ஆகும்.

மேஜர் லீகின் இறுதித் தொடரான உலகத் தொடரில், 1975இன் ஆறாவது ஆட்டத்தைத் தேடிப் பாருங்கள். பாஸ்டனின் ஃபென்வே பார்க், 12ஆம் இன்னிங்ஸ். கார்ல்டன் ஃபிஸ்க் (அவரும் கேட்சர்) பந்தை உயர அடித்துவிட்டு, பக்கவாட்டுக் கோட்டுக்கு உள்ளேயே விழு என்று இரு கைகளையும் வீசிக் கெஞ்சுகிறார். ஸ்கோர்போர்டுக்குள் இருந்த கேமரா, பந்தைத் துரத்தாமல் அவர்மீதே நின்றது. அன்று ஒளிபரப்பை இயக்கியவர் என்பிசி தொலைக்காட்சியின் ஹாரி கோய்ல். பந்தைவிட மனித முகம் பெரிய காட்சி என்பதை இந்தத் தொழிலுக்கே அந்தப் படம் காட்டிக்கொடுத்தது.

கேள்வி: அக்கா, பெண்கள் வரலாமா?

பதில்: தாராளமாக. பேஸ்பாலின் உறவு விளையாட்டான சாஃப்ட்பாலில் ஒலிம்பிக் சாம்பியனான ஜெசிக்கா மெண்டோசா 2015இல் தேசிய ஒளிபரப்பில் மேஜர் லீக் பிளேஆஃப் (பருவ முடிவில் நடக்கும் வெளியேற்றுச் சுற்று) ஆட்டத்துக்கு விமர்சகரானார். ஜென்னி கேவ்னர் 2024இல் ஓக்லண்ட் அணியின் முதன்மை வர்ணனையாளரானார். மேஜர் லீகில் அந்தப் பொறுப்பேற்ற முதல் பெண் அவர்.

கேள்வி: இந்தியர் யாராவது இந்த வழியில் போனதுண்டா?

பதில்: உண்டு, ஆனால் தலைகீழாக. உத்தரப் பிரதேசத்தைச் சேர்ந்த ஈட்டி எறிபவர் ரிங்கு சிங், 2008இல் ஒரு தொலைக்காட்சிப் போட்டியில் வென்றுதான் பேஸ்பாலுக்கே வந்தார். அவரையும் அதே போட்டியில் பங்கேற்ற தினேஷ் படேலையும் மேஜர் லீக் அணியான பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் ஒப்பந்தம் செய்தது. ரிங்கு மைனர் லீகில் ஆடினார், காயங்கள் விடவில்லை. 2018இல் டபிள்யூடபிள்யூஇ மல்யுத்தத்தில் சேர்ந்து மறுபடியும் தொலைக்காட்சிக்கே போனார்.

கேள்வி: வருமானம் நிலையானதா?

பதில்: பெரும்பாலும் நாள் கூலி, ஆட்டத்துக்கு ஆட்டம் அழைப்பு. ஓர் அணிக்குப் பருவத்தில் 162 ஆட்டங்கள், அதில் 81 சொந்த மைதானத்தில். குளிர்காலத்தில் கூடைப்பந்து, ஐஸ் ஹாக்கி ஒளிபரப்புகளைப் பிடித்தால்தான் ஆண்டு முழுவதும் ஓடும். பல அணிகளின் ஒளிபரப்பை வைத்திருந்த டயமண்ட் நிறுவனம் 2023 மார்ச்சில் திவால் பாதுகாப்பு கோரியது. மே மாத முடிவில் சான் டியேகோ பாட்ரெஸ் அணியின் ஒளிபரப்பை மேஜர் லீகே ஏற்றது. நிறுவனம் மாறினாலும் ஆட்டத்தைப் படம்பிடிக்க ஆள் வேண்டும். ஆகவே ஒரே நிறுவனத்தை நம்பி இருக்காமல், வண்டியில் உள்ளவர்களோடு பழக்கத்தை வளர்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: அமெரிக்காவில் படிக்கும் மாணவன் நான். கிரிக்கெட் மட்டுமே தெரியும். எங்கே தொடங்குவது?

பதில்: பென்சிலும் ஸ்கோர் தாளும் எடுத்துக்கொண்டு ஆட்டங்களைப் பந்து பந்தாகக் குறியுங்கள். ஒரு பருவம் செய்தால் ஆட்டம் புரிந்துவிடும். அருகிலுள்ள மைனர் லீக் அணிக்கு ஜனவரி, பிப்ரவரியில் எழுதுங்கள். பருவம் ஏப்ரலை ஒட்டித் தொடங்குவதால் மைதானத் திரைக்கான கேமரா, கேபிள் வேலைகளுக்கு அப்போதுதான் ஆள் எடுப்பார்கள். மாணவர் விசாவில் எந்த வேலைக்கு அனுமதி உண்டு என்று கல்லூரியின் சர்வதேச மாணவர் அலுவலகத்தில் கேட்டுவிட்டு எழுதுங்கள்.